துரியோதனன் நெஞ்சுல நின்ன கல்லு

என் தம்பி தாமோதரன் சினிமா எடுக்கிறான்னு யாருகிட்ட சொன்னாலும் மொதல்ல கேக்கிறது ஒண்ணு தான்: "யாரு ஹீரோ?" நான் சொல்லுவேன், "எங்க ஊரு மண்ணு தான் ஹீரோ. இன்னா இப்போ?" இன்னிக்கு இத்த நெஞ்ச நிமித்திக்கினு சொல்றேன். ஒரு காலத்துல இதே வார்த்தைய வெச்சி எங்க ஊரே எங்கள ஓட்டிச்சி.

நான் ரத்தினம்மா. ஈச்சம்பேட்டுல பொறந்து, ஈச்சம்பேட்டுலயே வாக்கப்பட்டவ. பிச்சாட்டூருக்குக் கெழக்க, ஆரணி ஆத்தத் தாண்டினா எங்க ஊரு. எங்க ஊருக்கும் கல்தாங்கலுக்கும் நடுவுல ஒரு மேடு இருக்குது. அந்த மேட்டுல நின்னு கூப்பிட்டா ரெண்டு ஊருலயும் திரும்பிப் பாப்பாங்க. பொண்ணு குடுத்து பொண்ணு எடுத்து, எது எந்த ஊருன்னு பிரிக்க முடியாத மாரி வாழ்ந்துகினு இருந்தோம்.

எங்க நைனா தாமுவ வாத்தியாராக்கிப் பாக்கணும்னு ஆசப்பட்டாரு. அவன் திருப்பதிக்கு ஓடிட்டான். அங்க ஒரு போட்டோ ஸ்டுடியோவுல வேல. மொட்ட போட்டுக்கினு மலையிலேர்ந்து எறங்கி வர்ற குடும்பத்த எல்லாம் வரிசையா நிக்க வெச்சி போட்டோ புடிக்கணும். மொட்டத் தலையாவே பாத்துப் பாத்து அலுத்துப் போயி மெட்ராசுக்குப் பஸ்சு ஏறினான். கோடம்பாக்கத்துல ஒரு கேமராக்காரருக்குப் பொட்டி தூக்கினான், லைட்டு தூக்கினான், அப்புறம் கேமராவயே தொட உட்டாங்க. பெரிய பெரிய படம் எடுக்கிறப்போ மிச்சமாவுற துண்டு ஃபிலிம்ம அவனுக்குக் குடுப்பாங்களாம். அத்த டப்பாவுல சேத்து வெச்சிக்கினு, பழைய கேமரா ஒண்ணு எங்கியோ வாங்கிக்கினு, லீவு கெடச்சா ஊருக்கு வந்துடுவான். சாவி குடுத்தா ஓடுற கேமரா அது. கரெண்டே வேணாம். கர்ர்ருன்னு ஒரு சத்தம் போடும்.

ஊரே கூடிடிச்சி. சினிமா புடிக்கிறான் இல்ல, சும்மாவா. பொம்பளைங்க பவுடரு போட்டுக்கினு வந்தாங்க. ஊருக் கூத்துல வேசம் கட்டுற சிட்டிபாபு அண்ணன் தலைக்கு எண்ண தடவி, வெள்ள வேட்டி கட்டி, மீசைய முறுக்கிக்கினு வந்து நின்னாரு. தாமு அவர ஏற எறங்கப் பாத்துட்டு, "அண்ணே, கொஞ்சம் தள்ளி நிக்கிறியா? உன் பின்னால இருக்கிற பள்ளத்த எடுக்கணும்"ன்னான்.

பள்ளத்த எடுத்தான். வண்டித் தடத்த எடுத்தான். வத்திப் போன குட்டைய எடுத்தான். அவன் வேல செய்யிற விதமே தனி. மணியம்மாவக் கூப்பிட்டு, "உன் எரும சேத்துல மாட்டிக்கிச்சே, அது எந்த எடம்?"ன்னு கேப்பான். அவ கத சொல்லுவா, அழுவா, மூக்கச் சிந்துவா. அத்த எல்லாம் பக்கத்துல குந்திக்கினு கேட்டுக்குவான். கேமராவ மட்டும் திருப்பி, ஒண்ணுமே இல்லாத அந்தக் காஞ்ச சேத்த எடுப்பான். எரும இல்ல, மணியம்மா இல்ல. வெறும் சேறு. "இன்னாடா இது?"ன்னு கேட்டா, "அவ சொன்னத மனசுல வெச்சிக்கினு பாரு, எரும தெரியும்"பான். எனக்கு எரும தெரியல. இவன் தான் தெரிஞ்சான்.

அன்னியிலேர்ந்து அவனுக்குப் பேரு மண்ணுப் படக்காரன். நான் கெணத்தடிக்குப் போனா, "உன் தம்பி இன்னிக்கு எந்த சாணிக்கு மேக்கப் போட்டான்?"ன்னு கேப்பாளுங்க. நான் உடுவனா. "உன் மூஞ்சிக்கு மேக்கப் போடறதுக்கு சாணிக்குப் போடலாம்னு தான் போட்டான்"னு குடுத்துட்டு வருவேன். வாய் அப்டித் தான் பேசும். உள்ள குத்தும். நைனா செத்தப்புறம் அவன வளத்தது நானு. ஊருல நாலு பேரு அவனப் பாத்து, இவன் இன்னாமோ பெருசா செய்யிறான்னு ஒரு தரம் சொல்லணும். எனக்கு வேண்டியிருந்தது அது ஒண்ணு தான்.

அந்த நேரத்துல தான் கோடு வந்துச்சி. ஆந்திராவத் தனி ராஜ்யம்னு பிரிச்சப்போ ஆரமிச்ச இழுபறி அது. இந்தத் தாலுக்கா அவங்களுக்கு, அந்தத் தாலுக்கா இவங்களுக்குன்னு வருசக் கணக்கா பேசினாங்க. ஆபீசருங்க வருவாங்க, ஊட்டுல இன்னா பாச பேசறேன்னு கேப்பாங்க. நாங்க கொழந்தயத் திட்டறது தமிழ்ல, மாட்டத் திட்டறது தெலுங்குல, இன்னான்னு சொல்றது? அறுபதாம் வருசம் வெயில் ஆரமிக்கிறப்போ தீர்ந்துச்சி. கல்தாங்கல் மெட்ராசுக்கு, ஈச்சம்பேடு ஆந்திராவுக்கு. சங்கிலி போட்டு அளந்துக்கினு வந்தவங்க, நடுவுல இருந்த மேட்டுல கல்லு ஒண்ணு நட்டுட்டுப் போனாங்க. அந்த மேடு இன்னா மேடு தெரியுமா? எங்க படுகளம்.

எங்க பக்கத்துல திரௌபதி அம்மனுக்கு வருசா வருசம் பாரதம் போடுவோம். ராத்திரி கூத்து, பகலுல கத. கடைசியா ஒரு நாள் காலையில, அந்த மேட்டுல மண்ணால துரியோதனனப் படுக்க வெப்போம். தென்ன மரம் நீளத்துக்குப் படுத்திருப்பான். கையும் காலும் விரிச்சிக்கினு, முட்ட முட்டக் கண்ணோட. அவன் மேல ஏறி பீமன் வேசமும் துரியோதனன் வேசமும் சண்ட போடும். பீமன் தொடையில அடிப்பான். அம்மன் கூந்தல முடிவா. அப்புறம் தான் பொம்பளைங்க வேல. அந்த ஒடம்பு மண்ண ஆளுக்கு ஒரு புடி எடுத்துக்கினு போயி நெல்லுக் குதிருல போடுவோம். போட்டா அந்த ஊட்டுல சோத்துக்குப் பஞ்சம் வராது.

இதுல ஒரு முற இருக்குது. பாண்டவங்க எல்லாம் ஈச்சம்பேட்டு ஆளுங்க. கௌரவங்க எல்லாம் கல்தாங்கல் ஆளுங்க. எப்போ யாரு வெச்ச முறயோ, மாத்த முடியாது. பீமன் எங்க சிட்டிபாபு அண்ணன். துரியோதனன் கல்தாங்கல் பழனி. ரெண்டு பேரும் மச்சான் மாமன், சேந்து கள்ளு குடிப்பாங்க. பாரதம் ஆரமிச்சா மட்டும் மூஞ்சி பாத்துப் பேச மாட்டாங்க.

அந்த வருசம் சித்தூருல ஒரு ஆபீசரப் பாத்து உத்தரவு கேட்டாங்க. "கோட்டு மேல கூட்டம் கூடாது. அவங்கவங்க ஊருல நடத்திக்கங்க"ன்னுட்டாரு. பக்கத்துல எங்கியோ ரெண்டு ஊருக்காரன் அடிச்சிக்கினானாம், அந்த பயம். சிட்டிபாபு அண்ணன் திரும்பி வந்து கோயிலு முன்னால குந்திட்டாரு. "எங்க ஊருல நடத்தினா நாங்க அஞ்சு பேரும் யாருகூட சண்ட போடறது? எங்களுக்குள்ளயேவா?"ன்னாரு. அப்டி ஒரு பெரிய ஆளு தோள்ல துண்டு கூடப் போடாம குந்தியிருந்தத நான் அன்னிக்குத் தான் பாத்தேன்.

தாமு ஊருல இருந்தான். எல்லாம் கேட்டுக்கினு இருந்தவன், எழுந்து சட்டையப் போட்டான். கேமராவக் கழுத்துல மாட்டினான். அதே ஆபீசருகிட்ட போயி, "சார், புது எல்லையப் பத்தி ஒரு டாக்குமெண்டரி எடுக்கிறேன். ரெண்டு ஸ்டேட் ஜனங்களும் சந்தோசமா ஒண்ணா நிக்கிற மாரி ஷூட்டிங் வெக்கணும். நீங்களும் வந்து நிக்கணும்"ன்னான். கேமராவப் பாத்ததும் ஆபீசரு மொகம் மாறிடிச்சாம். "ஷூட்டிங்கா? பாகுந்தி, பாகுந்தி. செய்யண்டி"ன்னு தெலுங்குலயே ஒத்துக்கினாரு. அந்தப் பக்கத்து போலீசுக்கும் அவரே சொல்லி உட்டாரு. பாரதத்துக்கு இல்லாத உத்தரவு ஷூட்டிங்குக்குக் கெடச்சிடிச்சி.

ஊரு தலகீழா மாறிடிச்சி. மண்ணுப் படக்காரன் இப்போ டைரக்டரு. அவன் தெருவுல நடந்தா சோறு துன்னியா, மோரு குடிச்சியான்னு கேக்காத ஊடு இல்ல. சிட்டிபாபு அண்ணன் ஊட்டுக்கே வந்து, "தாமு, நான் கதைய வீசறப்போ எடது பக்கத்துலேர்ந்து புடி. அந்தப் பக்கம் தான் எனக்கு மொகக்கள"ன்னாரு. எனக்கு சிரிப்பு. பெரும வேற. ரெண்டும் சேந்து கண்ணுல தண்ணி வந்துடிச்சி.

அன்னிக்கே தாமு கொல்லப் பக்கம் என்னக் கூப்பிட்டான். "அக்கா, ஒரே ஒரு டப்பா ஃபிலிம் தான் பாக்கி"ன்னான்.

"போதாதா?"

"கொஞ்ச நேரந்தான் ஓடும். சண்டைய எடுத்தா மண்ணு அள்ளறத எடுக்க முடியாது. மண்ணு அள்ளறத எடுத்தா சண்ட கெடையாது."

"இதுல கேக்கிறதுக்கு இன்னா இருக்குது? சண்டைய எடு. ஊரே அதுக்குத் தான் காத்துக்கினு இருக்குது."

அவன் கெணத்து மேல குந்திக்கினான். "சண்டைய எல்லாரும் ஞாபகம் வெச்சிருப்பாங்க அக்கா. பேரன் பேத்திக்கு ஆடிக் காட்டுவாங்க. மண்ணு அள்ளறத யாரு ஆடிக் காட்டப் போறாங்க? எது மறந்து போவுமோ அத்தத் தான் நான் எடுக்கணும்."

"அப்போ சண்ட நடக்கிறப்போ இன்னா பண்ணுவே?"

"காலிக் கேமராவ ஓட்டுவேன். சத்தம் வரும். யாருக்கும் தெரியாது."

எனக்கு வந்த கோவத்துக்கு அவன கெணத்துலயே தள்ளியிருப்பேன். "டேய், படம் போடறப்போ தெரியுமேடா. சிட்டிபாபு அண்ணன் மூஞ்சி எங்கன்னு கேட்டா இன்னா சொல்லுவே? ஏற்கெனவே சாணிக்கு மேக்கப் போடறவன்னு பேரு. இனிமே பொய்யன்னும் சொல்லுவாங்க. இந்த ஊருல நம்ம தல நிமிர முடியுமா?"ன்னேன்.

"முடியும்"ன்னான். அவ்ளோ தான். என் தம்பிக்கு பிடிவாதம் யாருகிட்டேர்ந்து வந்துச்சின்னு கேட்டா, ஊருல எல்லாரும் என்னத் தான் காட்டுவாங்க. நான் வாய மூடிக்கினேன். நம்ம புள்ளைய நாமளே காட்டிக் குடுக்கிறதா?

படுகளத்துக்கு மண்ணு ஒடம்பு செய்யிறவரு எங்க கிருஷ்ணப்பா மாமா. மனுசனுக்கு அவரு வேலயத் தவுர ஒலகத்துல வேற எதுவும் தெரியாது. வருசா வருசம் அவருக்கு ஒரே தலவலி, நெஞ்சு மண்ணு சரிஞ்சிடும். உள்ள மரக்கட்ட, பானை எதையாச்சும் வெச்சிப் பாப்பாரு. அந்த வருசம் மேட்டுக்குப் போறாரு, துரியோதனனுக்கு நெஞ்சு வர்ற எடத்துல சரியா ஒரு கல்லு நிக்கிது. முழங்கால் ஒசரம், நல்ல கருங்கல்லு. யாரோ புண்ணியவான் தனக்காவே நட்டு வெச்சிருக்கான்னு நெனச்சிட்டாரு. கல்லச் சுத்தி மண்ணக் கொட்டி, தண்ணி தெளிச்சி, தட்டி, இது வரைக்கும் இல்லாத மாரி ஒரு நெஞ்ச எழுப்பிட்டாரு. மஞ்சளும் சுண்ணாம்பும் பூசினாரு. பாத்தவங்க எல்லாம், "மாமா, இந்த வருசம் தான்யா இவன் ராஜா மாரி இருக்கான்"னாங்க. மாமாவுக்கு ஒரே குஷி. எல்லைக் கல்லு உள்ள போயிடிச்சின்னு ஒருத்தருக்கும் தோணல. செத்தவன் தல மெட்ராசுல, காலு ஆந்திராவுல.

காலையில ஆபீசரு ஜீப்புல வந்தாரு. புது யூனிபாரம், மடிப்பு கலையாம. அந்தப் பக்கத்துலேர்ந்து ஒரு ஏட்டு சைக்கிள்ல வந்தாரு. ஆபீசரு மேட்டச் சுத்திப் பாத்துட்டு, "ராய் எக்கட? கல்லு எங்கய்யா?"ன்னாரு. கிருஷ்ணப்பா மாமா அப்போ தான் முழிச்சிக்கினாரு. அவரு வாயத் தெறக்கிறதுக்குள்ள தாமு, "சார், லைட்டு போவுது, இங்க நில்லுங்க, இப்டித் திரும்புங்க"ன்னு அவர இழுத்துக்கினு போயிட்டான். கேமரா கர்ர்ருன்னு ஓடிச்சி. ஆபீசரு தொப்பையை உள்ள இழுத்துக்கினு நின்னாரு. உள்ள ஃபிலிம் இல்லன்னு தெரிஞ்ச ஒரே ஆளு நான். முந்தானைய வாயில அடச்சிக்கினேன்.

ஏட்டு ஒரு வார்த்த சொன்னாரு பாரு, எல்லாரும் சிரிச்சிட்டோம். "தொட உங்க பக்கம் தான் சார் இருக்குது. கொலக் கேசு உங்களுது."

சண்ட நடந்துச்சி. எத்தினியோ படுகளம் பாத்திருக்கேன், அந்த மாரி ஒண்ணு பாத்ததில்ல. இனிமே நடக்குமோ நடக்காதோன்னு இருந்துச்சி இல்ல, அந்த ஆத்திரம் எல்லாம் ஆட்டத்துல எறங்கிச்சி. பழனி ஒத்தக் கால்ல சுத்தறான், சிட்டிபாபு அண்ணன் மணிக்கட்டு ஜிகினாப் பட்ட மின்ன கதையத் தூக்கினா சூரியன் மறையிது. தாமு ஓடறான், படுக்கறான், குனியறான், எடது பக்கம் போறான். காலிக் கேமரா கர்ர்ருங்குது. பீமன் அத்தப் பாத்து இன்னும் ஆடறாரு. பாவி, பாவின்னு மனசுக்குள்ள திட்டிக்கினே கை எடுத்துக் கும்பிட்டேன்.

தொடையில அடிச்சி, கூந்தல் முடிஞ்சி, கொலவ போட்டு, கூட்டம் கலஞ்சி ஆம்பளைங்க நெழலுக்குப் போனாங்க. ஆபீசரும் எளநீ குடிக்கப் போனாரு. தாமு வெளிச்சம் படாம கறுப்புத் துணிப் பைக்குள்ள கைய உட்டு கடைசி டப்பாவ மாட்டினான். துரியோதனன் நெஞ்சுகிட்ட போயி மண்ணோட மண்ணா படுத்துக்கினான். பொம்பளைங்க வந்தோம். ஈச்சம்பேட்டுப் பொம்பளைங்க இந்தப் பக்கம், கல்தாங்கல் பொம்பளைங்க அந்தப் பக்கம். கூட்டத்துல யாரு யாரு காலுன்னு தெரியல. நல்ல மண்ணு நெஞ்சு மண்ணு தான்; எல்லாரும் அங்க தான் கை வெப்போம். ஒரு கை, இன்னொரு கை, வளையலோட கை, வளையல் இல்லாத கை. அள்ள அள்ள மாமா எழுப்பின நெஞ்சு கொறஞ்சிக்கினே வந்துச்சி. தாமு எங்க மூஞ்சிய நிமிந்து கூடப் பாக்கல.

நெஞ்சு தீந்தப்புறம் நடுவுல கல்லு நின்னுச்சி. கழுவி உட்ட மாரி. அப்போ ஒருத்தரும் அத்தப் பத்திப் பேசல. மண்ணு கெடச்ச சந்தோசத்துல ஊட்டுக்குப் போயிட்டோம். எளநீ குடிச்சிட்டு வந்த ஆபீசரு, நட்ட எடத்துலயே கல்லு இருக்கிறதப் பாத்துட்டு, "ஓ, இக்கடே உந்தி"ன்னு ஜீப்புல ஏறிட்டாரு.

அதுக்கப்புறம் ஒரு வருசம் நான் பட்ட பாடு இருக்குதே. எப்போ படம், எப்போ படம்னு தெனம் ஒருத்தி. சிட்டிபாபு அண்ணன் ஊருக்கு ஊரு போயி சொல்லிட்டாரு. நாயுடுபேட்டையில கட்டிக் குடுத்த பொண்ணுக்கும், தடாவுல இருக்கிற சம்மந்திக்கும் ஆளு அனுப்பினாரு: நான் சினிமாவுல வரேன், வந்து பாத்துட்டுப் போங்க. நான், "மெட்ராசுல கழுவறாங்க, காய வெக்கிறாங்க"ன்னு சொல்லிக்கினே இருந்தேன். அடுத்த பாரதத்துக்குக் கொடி ஏறப் போற வாரம் தாமு டப்பாவோட வந்து எறங்கினான். பிச்சாட்டூர் டூரிங் கொட்டாயில, மேட்னி படத்துக்கு முன்னாலயே போட்டுக் காட்ட மொதலாளி ஒத்துக்கினாரு.

"டேய், ஒடம்புக்கு சரியில்லன்னு சொல்லிட்டு மெட்ராசுக்கே போயிடு"ன்னேன். நெசமா தான் சொன்னேன்.

"நீ எம் பக்கத்துல குந்து அக்கா. போதும்"ன்னான்.

வண்டி கட்டிக்கினு ரெண்டு ஊரும் வந்துச்சி. கோடு போட்டப்புறம் கல்தாங்கல்காரங்க இந்தப் பக்கம் கும்பலா வந்தது அதான் மொத தரம். ஆம்பளைங்க ஒரு பக்கம், பொம்பளைங்க ஒரு பக்கம், மணல்ல குந்தினோம். சிட்டிபாபு அண்ணன் மொத வரிசையில, சம்மந்தியப் பக்கத்துல வெச்சிக்கினு. கீத்துச் சந்துல வந்த வெயில கோணி போட்டு மறச்சாங்க. நான் பின்னால, மெசினு பக்கத்துல தாமு கையப் புடிச்சிக்கினு நின்னேன். அது ஜில்லுன்னு இருந்துச்சி.

மொதல்ல வண்டித் தடம். அப்புறம் காஞ்ச குட்ட. மல, அதுக்குக் கீழ மேடு. பாட்டு இல்ல, பேச்சு இல்ல, மெசினு சத்தம் மட்டும். யாரோ இருமினாங்க. சேறு வந்துச்சி. ஒருத்தன், "எரும எங்க மணியம்மா?"ன்னான். கொட்டாயே சிரிச்சிச்சி. அந்தச் சிரிப்புல நான் செத்துப் போயிட்டேன்னே நெனச்சேன். சம்மந்தி ஏதோ கேக்க, சிட்டிபாபு அண்ணன், "இரு, இரு, இப்போ வருவேன்"னு சொல்றது எனக்குக் கேட்டுச்சி.

அப்போ தெரை பூரா மண்ணு. துரியோதனன் நெஞ்சு, ஒரு மல ஒசரத்துக்கு. அதுல ஒரு கை வந்து எறங்கிச்சி.

பெருசான்னா அவ்ளோ பெருசு. ஒவ்வொரு வெரலும் ஒரு ஆளு நீளம். மண்ணு துகள் சரிஞ்சி வுழறது பாறை வுழற மாரி இருக்குது. மணிக்கட்டுல பச்ச குத்தின தேளு. பொம்பளைங்க பக்கத்துலேர்ந்து ஒரு கொரலு வந்துச்சி: "அது எங்க கங்கம்மா கையி."

அடுத்த கை. சுண்டு வெரலு நுனி இல்ல, அறுவாள்ல போனது. "மணியம்மா." அவளே சொன்னா, "நாந்தான், நாந்தான்." அடுத்தது தழும்பு. "கல்தாங்கல் சந்திரம்மா. ஒலத் தண்ணி கொதிக்கிறப்போ ஊத்திக்கினது." ஒரு கையில வளையல் இல்ல, வளையல் இருந்த அச்சு மட்டும் வெளுத்துப் போயி இருந்துச்சி. "கிருஷ்ணம்மா"ன்னு மெதுவா சொன்னாங்க. அந்த வருசம் தான் அவ புருசன் போனாரு. சேப்புச் சாயம் பூசின ஒரு ஆம்பளக் கை திருட்டுத்தனமா வந்து அள்ளிச்சி. "டேய், அது பழனி. செத்தவனே தன் மண்ண அள்ளிக்கினு போறான்"னு கத்தினாங்க. பழனி எழுந்து நின்னு கும்புடு போட்டான். ஒரு மூஞ்சி இல்ல, ஒரு பேரு எழுத்துல இல்ல. ஒரு கை தப்பல. எல்லாத்துக்கும் ரெண்டு ஊரும் சேந்து பேரு சொல்லிச்சி. இந்த ஊரு கைக்கு அந்த ஊருக்காரன் சொன்னான், அந்த ஊரு கைக்கு இந்த ஊருக்காரி சொன்னா. வெரல் நுனியில வெத்தலைக்குத் தடவுற சுண்ணாம்போட ஒரு கை வந்தப்போ கொட்டாயே திரும்பி என்னப் பாத்துச்சி. என் கைய நான் பாத்தேன். இவ்ளோ அழகா எனக்குக் கையின்னு எனக்குத் தெரியாது.

கை கொறஞ்சிக்கினே வந்து, மண்ணும் கொறஞ்சி, கல்லு தெரிஞ்சிச்சி. மொதல்ல தல, அப்புறம் பாதி, அப்புறம் முழுசா. எல்லாரும் பேரு சொல்றத நிறுத்திட்டாங்க.

கடைசியா ஒரு கை வந்துச்சி. மணிக்கட்டுல ஜிகினாப் பட்ட, அது பாதி கிழிஞ்சி தொங்குது. மண்ணு எல்லாம் தீந்து போன எடத்துல அந்தக் கை தடவித் தடவிப் பாக்குது. கல்லுக்கு இந்தப் பக்கம் அடியில கொஞ்சம் சொரண்டி எடுக்குது. பத்தல. அந்தப் பக்கம் போயி கொஞ்சம் சொரண்டி எடுக்குது. ரெண்டையும் துண்டுல ஒண்ணா போட்டு முடிச்சிப் போடுது. அவ்ளோ தான், தெரை வெள்ளையாயிடிச்சி.

யாரும் பேரு சொல்லல. எல்லாருக்கும் தெரியும், அந்தப் பட்டைய யாரு கட்டிக்கினு ஆடுவாங்கன்னு. சிட்டிபாபு அண்ணன் எழுந்தாரு. தெரையப் பாத்துக்கினே நின்னாரு. தடா சம்மந்தி, வெளியூரு ஆளு, அவருக்குப் புரியல. "கையெல்லாம் சரி, நடுவுல அந்தக் கல்லு யாருது?"ன்னு கேட்டாரு.

சிட்டிபாபு அண்ணன் திரும்பிப் பாக்கல. "அது யாருதும் இல்ல"ன்னாரு. அப்புறம் ஒரு செருமல் செருமிட்டு, "தாமு, இன்னொரு தரம் போடு"ன்னாரு.

அந்தக் கொரல்ல கேலி இல்ல. தாமு கைய நான் உட்டேன். அப்போ தான் பாத்தேன், என் நகம் அவன் கையில பதிஞ்சிருந்துச்சி.

மேட்னி படத்துக்கு வந்த கூட்டம் வெளிய கத்திக்கினு இருந்துச்சி. மொதலாளி வந்து மொணகினாரு. பழனி அவர ஒரு பக்கமும் சிட்டிபாபு அண்ணன் ஒரு பக்கமும் புடிச்சிக் குந்த வெச்சாங்க. மறுபடியும் போட்டான். இந்தத் தரம் யாரும் சேத்தப் பாத்து சிரிக்கல. "இங்க தான் என் எரும மாட்டிக்கிச்சி"ன்னு மணியம்மா தெரையக் காட்டி பக்கத்துல இருந்தவளுக்குக் கத சொன்னா. எனக்கும் எரும தெரிஞ்சிச்சி, சத்தியமா.

வெளிய வந்தப்போ சிட்டிபாபு அண்ணன் தாமு தோள்ல கை போட்டாரு. "அன்னிக்கு நான் சண்ட போட்டப்போ உள்ள ஃபிலிம் இல்ல தானேடா?"

"இல்லண்ணே."

"எடது பக்கமா வேற வந்து வந்து எடுத்தியேடா, திருட்டுப் பயலே. இந்த வருசம் போட்டுக்கினு வா. மூஞ்சியும் வேணும்." சொல்லிட்டு சம்மந்தி பக்கம் திரும்பி, "இவன் எங்க ஊருக்காரன். மண்ணுப் படக்காரன்னா மெட்ராசுலயே தெரியும்"ன்னாரு. கேட்டியா? அதே பேரு தான். என் வயித்துல பாலு வாத்த மாரி இருந்துச்சி.

அந்த வருசம் தாமு ஃபிலிம் போட்டுக்கினு வந்தான், மூஞ்சியும் எடுத்தான். சுமாரா தான் இருந்துச்சி. படுகளத்துக்கு உத்தரவு வேணும்னா இன்னி வரைக்கும் எங்க ஊருல ஷூட்டிங்குன்னு தான் கேக்கறாங்க. கிருஷ்ணப்பா மாமா போனப்புறம் அவரு மவன் நெஞ்சு செய்யிறான். அதே கல்லுக்கு மேல தான். இப்போ தெரிஞ்சே செய்யிறான்.

அந்தக் கைப் படத்த எங்கெங்கியோ கூப்பிட்டாங்க. மெட்ராசுல ஒரு சங்கத்துல போட்டப்போ பெரிய மனுசங்க எல்லாம் வாயத் தெறக்காம பாத்துட்டு, ஏன் சத்தம் இல்லன்னு கேட்டாங்களாம். தாமு யோசிச்சிருக்கான். ஊருக்கு வந்து என்ன பஸ்சு ஏத்திக்கினு போயி, சத்தம் புடிக்கிற ஒரு கண்ணாடி ரூமுல உக்கார வெச்சான். முன்னால படம் ஓடிச்சி. "கொட்டாயில எப்டி சொன்னாங்களோ அப்டி சொல்லு அக்கா"ன்னான். சொன்னேன். கங்கம்மா, மணியம்மா, கல்தாங்கல் சந்திரம்மா, கிருஷ்ணம்மா, பழனி, ஒருத்தர உடாம. என் கை வந்தப்போ, "இது நானு, இவன் அக்கா"ன்னேன்.

கல்லு வந்துச்சி. நான் நிறுத்திட்டேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கத்துலேர்ந்து தாமு, சொல்லு, சொல்லுன்னு கை காட்டினான். சிட்டிபாபு அண்ணன் சொன்ன அதே வார்த்தைய, செருமாம சொன்னேன்: "அது யாருதும் இல்ல." இப்போ எந்த ஊருல அந்தப் படம் ஓடினாலும் அந்தக் கல்லுக்கு நேரா அத்தச் சொல்றது என் கொரலு தான்.